ஸ்ட்ரைக் நேரத்தில் கோர்ட் உத்தரவுடன் போலீஸ் பாதுகாப்பு: யாருக்கு, எதுவரை?

கேட்டடி | #1
தோழர்களே, அவசரமாக ஒரு தெளிவு வேண்டும். ஒரகடம் பக்கம் வாகன உதிரிபாகம் செய்யும் ஆலையில் வேலை செய்கிறேன். கம்பெனி பெயர் இங்கே வேண்டாம். சங்கத்தோடு உட்கார்ந்து ஊதிய ஒப்பந்தம் பேசணும், சஸ்பெண்ட் செய்தவர்களைத் திரும்ப எடுக்கணும், இவ்வளவுதான் கோரிக்கை. வேலைநிறுத்தம் நடக்கிறது. கேட்டுக்கு எதிரே சாலையோரம் பந்தல் போட்டு உட்கார்ந்திருக்கிறோம்.

நேற்று சங்கத்துக்கு ஐகோர்ட் நோட்டீஸ் வந்தது. நிர்வாகம் போலீஸ் பாதுகாப்பு கேட்டு ரிட் போட்டிருக்கிறது. மாவட்ட எஸ்.பி., எங்கள் ஸ்டேஷன் இன்ஸ்பெக்டர், கடைசியாகச் சங்கம், இவர்கள்தான் எதிர்மனுதாரர்கள். ஆட்களும் வண்டிகளும் தடையில்லாமல் போய்வர பந்தோபஸ்து வேண்டுமாம். கேட்டிலிருந்து 500 மீட்டருக்குள் யாரும் கூடக் கூடாதாம்.

நாங்கள் ஒரு வண்டியையும் மறிக்கவில்லை. கோஷம் போடுகிறோம், உள்ளே போகிறவர்களிடம் "போகாதீங்க" என்று கேட்கிறோம், அவ்வளவுதான். உத்தரவு வந்தால் பந்தலைப் பிரித்துவிடுவார்களா? போலீஸ் துணையோடு வெளியாட்களைக் கூட்டிவந்து லைனை ஓட்டினால் எங்கள் போராட்டம் என்ன ஆகும்? பையன்கள் ரொம்பக் கலங்கிப்போயிருக்கிறார்கள்.

லேபர்_வக்கீல் | #2
முதலில் பையன்களிடம் இதைச் சொல்லுங்கள்: போலீஸ் பாதுகாப்பு உத்தரவு என்பது உங்கள் வேலைநிறுத்தம் சரியா தவறா என்று சொல்லும் தீர்ப்பு கிடையாது. கோரிக்கை நியாயமா என்பதையும் அது தொடாது. அரசியலமைப்பின் 226-வது பிரிவின் கீழ் கம்பெனி கேட்பது மாண்டமஸ். "போலீஸ் தன் கடமையைச் செய்யவில்லை, செய்யச் சொல்லுங்கள்" என்பதுதான் அதன் சாரம். அதனால் மனுவின் உயிர் போலீஸ் சும்மா இருந்தது என்பதில்தான் இருக்கிறது. நோட்டீஸோடு வந்த கட்டில் கம்பெனி ஸ்டேஷனில் கொடுத்த புகாரைத் தேடிப் பாருங்கள். எந்தத் தேதி, எந்த வண்டி, எத்தனை மணிக்கு, யார் மறித்தது என்று எழுதியிருக்கிறதா? இல்லை, "அச்சமான சூழல் நிலவுகிறது" என்று மட்டும் எழுதியிருக்கிறதா? உங்கள் எதிர்வாக்குமூலம் (கோர்ட்டில் நீங்கள் தாக்கல் செய்யும் பதில்) தொடங்க வேண்டிய இடம் அதுதான்.

சுப்ரீம் கோர்ட் 2006-ல் பி.ஆர். முரளிதரன் வழக்கில் ஒரு எல்லைக் கோடு போட்டது. கேரளத்திலிருந்து போன வழக்கு, தொழிற்சங்க வழக்கு அல்ல. ஆனால் பாதுகாப்பு மனு எல்லாவற்றுக்கும் அது பொருந்தும். ஒரு உரிமை சிவில் கோர்ட்டிலோ உரிய அமைப்பிலோ, இறுதியாகவோ இடைக்காலமாகவோ தீர்மானிக்கப்பட்டிருந்தால் அதைக் காப்பாற்றப் போலீஸை அனுப்பலாம். உரிமையே தகராறில் இருக்கும்போது, பாதுகாப்பு மனு என்ற பெயரில் அந்தத் தகராறை ஐகோர்ட் தீர்த்துவைக்க முடியாது. ஊழியர் உயிருக்கு ஆபத்து, வண்டியைக் கொளுத்துகிறார்கள் என்றால் கதை வேறு. அங்கே தீர்மானிக்க எதுவும் இல்லை, போலீஸ் போய்த்தான் ஆக வேண்டும்.

இப்போது 500 மீட்டர். அமைதியாக, ஆயுதமின்றிக் கூடும் உரிமை 19(1)(ஆ)வில் இருக்கிறது. ஆர்ப்பாட்டம் கருத்துரிமையின் பகுதி என்று 1962-லேயே காமேஷ்வர் பிரசாத் வழக்கில் சொல்லியாகிவிட்டது. அதே தீர்ப்பு, வேலைநிறுத்தம் அடிப்படை உரிமை அல்ல என்றும் சொல்கிறது. இரண்டையும் மனதில் வையுங்கள். முதலாளியின் வளாகத்துக்கு உள்ளே கூட்டம் போட உங்களுக்கு உரிமை இல்லை என்பது 1969-ன் நிரஞ்சன் சிங் வழக்கிலிருந்து தெளிவு. வெளியே பொது இடத்தில் உண்டு, நியாயமான கட்டுப்பாட்டோடு. நடைமுறையில் கோர்ட்டுகள் கேட்டிலிருந்து இத்தனை மீட்டர் என்று ஒரு தூரம் போடும். 50-ம் பார்த்திருக்கிறேன், 200-ம் பார்த்திருக்கிறேன். 500 மீட்டர் என்றால், உள்ளே போகும் தொழிலாளிக்கு நீங்கள் போராடுவதே தெரியாது. தூரத்தைக் கேட்கவே கூடாது என்று வாதாடாதீர்கள். வண்டி திரும்ப எவ்வளவு இடம் வேண்டும், சாலை அகலம் என்ன, பந்தல் எங்கே இருக்கிறது என்று ஒரு வரைபடம் போட்டு, படத்தோடு காட்டுங்கள். நீதிபதி கையில் வரைபடம் இருந்தால் தூரம் தானாகக் குறையும்.

ஓய்வு_இன்ஸ்பெக்டர் | #3
வக்கீல் சார் சொன்னது கோர்ட்டுக்குள் நடப்பது. உத்தரவு ஸ்டேஷனுக்கு வந்த பிறகு நடப்பதை நான் சொல்கிறேன். தொழிற்பேட்டை ஸ்டேஷன்களில் நீண்ட காலம் இருந்தவன்.

சாயங்காலம் கம்பெனி ஆள் உத்தரவு நகலோடு வருவார். அதில் பெரும்பாலும் "மனுதாரருக்குப் போதிய பாதுகாப்பு வழங்கவும்" என்று ஒரு வரி. எது போதிய? எத்தனை பேர்? எத்தனை நாள்? எந்த நேரம்? ஒன்றும் இருக்காது. மேலிடத்திலிருந்து போன் வரும்: "கண்டெம்ப்ட் ஆகாமல் பார்த்துக்கோ." நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தில் ஆறு மாதம் வரை சிறை. அவ்வளவு தூரம் போகாது என்றாலும், நீதிபதி முன் யூனிஃபார்மில் நேரில் நிற்க வேண்டியிருக்குமே என்ற பயம் இன்ஸ்பெக்டர் மனதில் உட்கார்ந்துவிடும். அந்தப் பயத்தில்தான் உத்தரவில் இல்லாததையும் செய்கிறார்கள். பந்தலைப் பிரிக்கச் சொல்லி எந்த வரியும் இருக்காது, பந்தல் போய்விடும். மைக் கூடாது என்று இருக்காது, மைக் ஸ்டேஷனுக்கு வந்துவிடும். விடிகாலையில் முன்னணித் தோழர்களை முன்னெச்சரிக்கைக் கைது என்று மண்டபத்தில் வைப்பார்கள். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 151-வது பிரிவு, அதற்குப் பதிலாக வந்த பி.என்.எஸ்.எஸ். சட்டத்தில் 170. அந்தக் கைதுக்கு 24 மணி நேரம்தான் ஆயுள், ஆனால் அந்த ஒரு நாளில் ஷிப்ட் ஏறிவிடும்.

எனக்குக் கீழே இருந்தவர்களிடம் நான் கண்டிப்பாகச் சொன்னது மூன்று விஷயம். கம்பெனி வண்டியில் ஏறாதே. கம்பெனி கேன்டீனில் சாப்பிடாதே. கம்பெனி கெஸ்ட் ஹவுஸில் படுக்காதே. ஆயுதப்படையிலிருந்து வரும் பையன்களுக்கு ஊர் தெரியாது, ஏ.சி. அறை கொடுத்தால் போய்விடுவார்கள். மறுநாள் காலை அவன் லத்தியோடு கேட்டில் நின்றால், எதிரே உட்கார்ந்திருக்கும் தொழிலாளி அவனை வாட்ச்மேனாகத்தான் பார்ப்பான். அதோடு போலீஸ் பேச்சுக்கு மரியாதை போய்விடும். பிறகு நீங்கள் "நூறு மீட்டர் தள்ளிப் போங்கப்பா" என்று நல்லபடியாகச் சொன்னாலும் யாரும் நகர மாட்டார்கள்.

உத்தரவில் விவரம் இருந்தால் போலீஸுக்குத்தான் முதல் நிம்மதி. அதைக் கோர்ட்டும் வக்கீல்களும் புரிந்துகொள்ள வேண்டும்.

மனிதவளம்_ஓசூர் | #4
இந்த இழையில் நிர்வாகத் தரப்புக் குரல் ஒன்றும் வேண்டும் என்பதால் எழுதுகிறேன். என் கம்பெனியும் வேண்டாம்.

ஆலை என்றால் சுவிட்சை அணைத்துவிட்டு வீட்டுக்குப் போகிற விஷயம் இல்லை. ஃபவுண்டரி உலை ஆறிப்போனால் உள்ளே இருக்கும் உலோகம் இறுகிவிடும், உலைப் பூச்சே போய்விடும். எஃப்ளூயன்ட் பிளான்ட் (கழிவுநீர் நிலையம்) நின்றால் பக்கத்து ஏரிக்குப் பிரச்சினை. பாய்லருக்கு ஆள் இல்லாமல் முடியாது. இந்த வேலைகளுக்கு உள்ளே போகும் டெக்னீஷியனைக் கேட்டில் நிறுத்தி, செல்போனைப் பிடுங்கி, "நாளைக்கு உன் வீட்டுக்கு வர்றோம்" என்று சொல்வதை நான் கண்ணால் பார்த்திருக்கிறேன். கேட்டடி அவர்களின் சங்கம் அப்படிச் செய்வதாகச் சொல்லவில்லை. ஆனால் எல்லாப் போராட்டமும் கோஷத்தோடு நிற்பதில்லை. கோவையில் 2009-ல் ஒரு மனிதவள அதிகாரி உயிர் போனது. ஹரியானாவின் மானேசரில் 2012 ஜூலையில் இன்னொருவர். என் மனைவி அந்தச் செய்திகளை மறக்கவில்லை. நானும்தான்.

போலீஸ் தானாகவே வருமே, கோர்ட் எதற்கு என்று கேட்கலாம். வராது. உள்ளூர் அரசியல் எப்படித் திரும்பும் என்று பார்த்துக்கொண்டு நிற்பார்கள். 1967-ல் மேற்கு வங்கத்தில் ஐக்கிய முன்னணி அரசு, தொழிலாளர் துறை அமைச்சரைக் கேட்காமல் கெரோ நடக்கும் இடத்தில் போலீஸ் தலையிடக் கூடாது என்று சுற்றறிக்கையே விட்டது. மேலாளர்களை அறைக்குள் வைத்து வெளியே விடாமல் சுற்றி நின்றார்கள், மணிக்கணக்கில், சில இடங்களில் நாள்கணக்கில். அதே ஆண்டில் ஜெய் இன்ஜினியரிங் வழக்கில் கல்கத்தா ஐகோர்ட் அந்தச் சுற்றறிக்கைகளை ரத்து செய்தது: குற்றம் நடந்தால் போலீஸ் போக வேண்டும், அதை நிறுத்திவைக்க அமைச்சருக்கு அதிகாரமில்லை. பாதுகாப்பு மனுவுக்கு நியாயம் அங்கேயிருந்து வருகிறது.

இன்னொன்று. கேட்பவர்கள் எப்போதும் பெரிய முதலாளிகளும் அல்ல. கேரள ஐகோர்ட்டில் இந்த மனுக்கள் அன்றாடம். சொந்தமாக வீடு கட்டுபவர், சின்னக் கடைக்காரர், தன் சரக்கைத் தன் ஆளை வைத்து இறக்கினால் நோக்குகூலி கேட்டு மறிக்கிறார்கள் என்று வருவார்கள். வேலையே செய்யாமல் பார்த்துக்கொண்டு நின்றதற்குக் கூலி. அரசே 2018 மே 1 முதல் அதற்குத் தடை போட்டது. அதற்குப் பிறகும் கோர்ட்டுக்கு வர வேண்டியிருந்தது.

கேட்டடி | #5
மனிதவளம் சார், நீங்கள் சொன்ன பாய்லர், எஃப்ளூயன்ட் பிளான்ட் இரண்டுக்கும் ஆள் பட்டியல் கொடுங்கள், நாங்களே விட்டுவிடுகிறோம் என்று முதல் நாளே எழுதிக் கொடுத்திருக்கிறோம். நிர்வாகம் அதற்குப் பதிலே போடவில்லை. வேனில் புதுமுகங்கள்தான் வருகிறார்கள்.

லேபர்_வக்கீல் | #6
அந்தக் கடிதத்தைப் பத்திரமாக வையுங்கள். ஒப்புகைச் சீல் இருக்கிறதல்லவா? எதிர்வாக்குமூலத்தில் முதல் இணைப்பு அதுவாகத்தான் இருக்க வேண்டும்.

பெரம்பூர்க்காரர் | #7
என் தாத்தா பின்னி மில்லில் நெசவுப் பிரிவில் இருந்தவர். இந்தப் பேச்சு எங்கள் வீட்டில் நூறு வருஷமாக நடக்கிறது என்றே சொல்லலாம்.

1918 ஏப்ரலில் சென்னை தொழிலாளர் சங்கம் தொடங்கியபோது தொழிற்சங்கத்துக்கு என்று இந்தியாவில் சட்டமே கிடையாது. 1920-ல் பின்னி நிர்வாகம் சங்கத் தலைவர் பி.பி. வாடியா உள்ளிட்டவர்கள்மேல் சென்னை ஐகோர்ட்டில் வழக்குப் போட்டு இடைக்காலத் தடை வாங்கியது. "வேலை செய்யும் ஒப்பந்தத்தை மீறும்படி தொழிலாளிகளைத் தூண்டினார்கள், நஷ்டஈடு வேண்டும்" என்பது புகார். சங்கம் நடத்தியதே சிவில் குற்றம் என்ற நிலை. கடைசியில் வாடியா இயக்கத்தை விட்டு விலகும்படி சமரசமாயிற்று. அந்த அதிர்ச்சியில்தான் 1921-ல் என்.எம். ஜோஷி மத்திய சட்டசபையில் தீர்மானம் கொண்டுவந்தார், 1926-ல் தொழிற்சங்கச் சட்டம் வந்தது. சதி வழக்கு, நஷ்டஈட்டு வழக்குகளிலிருந்து அதன் 17, 18-வது பிரிவுகள் தந்த பாதுகாப்புக்குப் பெரம்பூர் தொழிலாளிகள் கொடுத்த விலை அது. ஆக, கோர்ட் தடையுத்தரவுக்கும் தொழிற்சங்கத்துக்கும் உள்ள உறவு நம் ஊரில்தான் பிறந்தது.

சொல்ல வந்தது அதற்கடுத்தது. 1921-ல் பின்னி மில்லில் பெரிய வேலைநிறுத்தம். ஆதிதிராவிடத் தொழிலாளிகளில் பெரும்பகுதியினர் வேலைக்குத் திரும்பினார்கள். அவர்களுக்கு அவர்கள் காரணம் இருந்தது. சேமிப்பே இல்லாத குடும்பங்கள், ஆலையை விட்டால் வேறு கதியில்லை, சங்கத்திலும் தங்கள் குரல் எடுபடவில்லை என்ற வருத்தம். போலீஸ் காவலோடு ஆலை ஓடியது. ஊருக்குள் என்ன நடந்தது? புளியந்தோப்பில் குடிசைகள் எரிந்தன, துப்பாக்கிச்சூடு நடந்தது, உயிர்கள் போயின. தொழிலாளிக்கும் நிர்வாகத்துக்கும் இடையிலான சண்டை தொழிலாளிக்கும் தொழிலாளிக்கும் இடையே சாதிச் சண்டையாக மாறிப்போனது. அந்தக் காயம் ஆறப் பல காலம் ஆயிற்று. கேட்டில் வழி திறந்துவிட்டால் முடிந்தது என்று நினைக்கும் யாரும் 1921-ஐப் படிக்க வேண்டும். உள்ளே போகிறவர் யார், அவர் எந்தத் தெருவில் வாழ்கிறார், சாயங்காலம் எந்த வழியாக வீடு திரும்புவார் என்று எந்த உத்தரவும் கேட்பதில்லை.

ஷிப்ட்_சி | #8
பெரம்பூர்க்காரர் ஐயா கடைசியில் எழுதியதற்காகவே கணக்குத் தொடங்கிப் பதிவு போடுகிறேன்.

நான் உள்ளே போனவன். ஒப்பந்தத் தொழிலாளி. எங்கள் ஆலையில் (கேட்டடி அண்ணன் ஆலை இல்லை, வேறு) நிரந்தரத் தொழிலாளிகள் ஸ்ட்ரைக் செய்தார்கள். அவர்கள் கோரிக்கைப் பட்டியலில் எங்களைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. போகவில்லை என்றால் கான்ட்ராக்டர் மறுநாளே வேறு ஆள் போட்டுவிடுவார். தங்கச்சி கல்யாணக் கடன் நடந்துகொண்டிருந்த நேரம். போனேன்.

கோர்ட் உத்தரவு இருந்தது. கேட்டில் போலீஸ் இருந்தது. கேட்டில் எனக்கு ஒன்றும் ஆகவில்லை. அடி விழுந்தது எங்கள் ரூமுக்குப் பக்கத்தில், பஸ் ஸ்டாப்பில், ராத்திரி. ஸ்டேஷனுக்குப் போனால் "கம்பெனி வளாகத்துக்குத்தான் பாதுகாப்பு உத்தரவு" என்றார்கள். கம்பெனியில் சொன்னால் "வெளியே நடந்தது, நாங்கள் என்ன செய்ய" என்றார்கள். மனுவில் "வேலை செய்ய விரும்பும் தொழிலாளர்களின் உயிர் பாதுகாப்பு" என்று என்னைப் போன்றவர்களைக் காட்டித்தான் உத்தரவு வாங்கினார்கள். கடைசியில் காவல் இருந்தது கன்டெய்னர் லாரிக்குத்தான்.

என்னை அடித்தவர்களை மன்னிக்க மாட்டேன். ஆனால் அவர்களில் ஒருவருக்கு என் வயசில் பையன் இருந்தான், சஸ்பெண்ட் ஆகி வீட்டில் சம்பளமே இல்லை என்று பிறகு தெரிந்தது. இரண்டு பக்கமும் ஏழைகளை நிறுத்திவிட்டு நடுவில் போலீஸை நிறுத்துவதற்குப் பெயர் பாதுகாப்பா?

தையல்_யூனிட் | #9
தம்பி, உங்கள் பதிவைப் படித்துவிட்டு ரொம்ப நேரம் ஒன்றும் ஓடவில்லை. உங்கள் கோரிக்கையையும் பட்டியலில் சேர்த்திருந்தால் நீங்கள் பந்தலில் இருந்திருப்பீர்கள். எங்கள் சங்கங்கள் இதைக் காதில் போட்டுக்கொள்ள வேண்டும்.

நான் ஆயத்த ஆடைத் துறையில் சங்க வேலை செய்கிறேன், எங்களிடம் பெரும்பாலும் பெண்கள். எங்கள் அனுபவத்தில் பாதுகாப்பு உத்தரவு வந்ததும் முதலில் வெளியே வருவது வீடியோ கேமரா. போலீஸும் எடுக்கிறது, கம்பெனி செக்யூரிட்டியும் பக்கத்தில் நின்று எடுக்கிறது. போலீஸ் எடுப்பது சட்டம் ஒழுங்குக்கு, புரிகிறது. கம்பெனி எடுத்த படம் அன்று ராத்திரியே ஹாஸ்டல் வார்டன் கைக்குப் போய், ஊரில் அப்பாவுக்குப் போன் போகிறது: "உங்க பொண்ணு ரோட்டுல நிக்குது." மறுநாள் பாதிப் பெண்கள் இல்லை. ஒரு லத்தி ஓங்கவில்லை, ஸ்ட்ரைக் உடைந்துவிட்டது. கோர்ட்டில் வாதாடும்போது, யார் படம் எடுக்கலாம், அது எங்கே போகலாம் என்பதையும் கேளுங்கள். பெண்கள் இருக்கும் இடத்துக்குப் பெண் போலீஸ் கட்டாயம் என்றும் கேளுங்கள்.

மனிதவளம்_ஓசூர் | #10
ஷிப்ட்_சி தம்பி சொன்னதை ஏற்கிறேன். உள்ளே வருபவரின் பெயரில் உத்தரவு வாங்கினால் அவர் வீடு சேரும்வரை நிர்வாகத்துக்குப் பொறுப்பு உண்டு. வேனை ரூம் வாசல்வரை அனுப்புவது பெரிய செலவே அல்ல.

ஆனால் கேட்டடியின் இரண்டாவது கேள்விக்கு இன்னும் பதில் வரவில்லை. வெளியாட்களை வைத்து ஓட்டக் கூடாது என்று எந்தச் சட்டம் சொல்கிறது? தொழில் நடத்தும் உரிமை 19(1)(எ)வில் இருக்கிறதே. வாடிக்கையாளர் லைன் நின்றால் அபராதம் எங்களுக்கு.

லேபர்_வக்கீல் | #11
சட்டம் சொல்கிறது, சார். இந்த இழையின் மையமே இதுதான், கொஞ்சம் விரிவாக எழுதுகிறேன்.

1947-ன் தொழில் தகராறு சட்டத்தில் ஐந்தாம் அட்டவணை என்று ஒன்று இருந்தது, நியாயமற்ற தொழிலாளர் நடைமுறைகளின் பட்டியல். சங்கத்தின் பக்கம் பார்த்தால்: வேலைக்குப் போகிறவரை உடல்ரீதியாக வழிமறிக்கும் பிக்கெட்டிங், மிரட்டல், வன்முறை, கெரோ, அதிகாரிகளின் வீட்டு முன் ஆர்ப்பாட்டம் எல்லாம் கூடாது. நிர்வாகத்தின் பக்கம் பார்த்தால்: சட்டவிரோதமல்லாத வேலைநிறுத்தம் நடக்கும்போது புதிதாக ஆள் எடுப்பது கூடாது. ஒரே அட்டவணை, இரண்டு பக்கமும் கட்டு. 2020-ன் தொழில் உறவுகள் தொகுப்புச் சட்டத்திலும் இந்தப் பட்டியல் இரண்டாம் அட்டவணையாக இருக்கிறது. அது 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்துவிட்டது.

பாதுகாப்பு மனுக்களில் நான் திரும்பத் திரும்பப் பார்ப்பது, அட்டவணையின் ஒரு பக்கத்தை மட்டும் கோர்ட் முன் வைப்பது. "பிக்கெட்டிங் சட்டவிரோதம்" என்று அரைப் பக்கம் இருக்கும். வேனில் வருகிறவர்கள் யார், எப்போது வேலைக்கு எடுக்கப்பட்டார்கள், ஒப்பந்தத் தொழிலாளர் உரிமம் எத்தனை பேருக்கு, எந்த வேலைக்கு என்று ஒரு வார்த்தை இருக்காது. கோர்ட்டின் பெயரால் வரும் போலீஸ், ஒரு நியாயமற்ற நடைமுறைக்குக் காவல் நிற்கக் கூடாது. என்னைப் பொறுத்தவரை இதில் சமரசமே கிடையாது. பழைய ஊழியர் வேலைக்குப் போக விரும்பினால் அவருக்குப் பூரணப் பாதுகாப்பு கொடுங்கள். போராட்டத்தை முறியடிக்க நேற்று எடுத்த ஆளுக்கான வழியை அரசாங்கச் செலவில் திறந்துவிடாதீர்கள்.

இதில் ஒரு பொறி இருக்கிறது, கேட்டடி கவனமாகப் படிக்கவும். தடை பொருந்துவது "சட்டவிரோதமல்லாத" வேலைநிறுத்தத்துக்கு மட்டும். பழைய சட்டத்தில் முன்னறிவிப்பு கட்டாயம் பொதுப் பயன்பாட்டுச் சேவைகளுக்குத்தான். புதிய சட்டத்தின் 62-வது பிரிவில் எல்லாத் தொழிலகங்களுக்கும் கட்டாயம். நோட்டீஸ் கொடுத்து 14 நாள் கழியாமல் இறங்கக் கூடாது. சமரச அதிகாரி முன் முதல் கூட்டம் நடந்துவிட்டால் சமரசம் தொடங்கியதாகக் கணக்கு, அது முடிந்து 7 நாள்வரை வேலைநிறுத்தம் கூடாது. ஒரே நாளில் பாதிப் பேர் அல்லது அதற்கு மேல் தற்செயல் விடுப்பு எடுத்தாலும் வேலைநிறுத்தம் என்றே எடுத்துக்கொள்ளும். இவ்வளவு கண்ணியில் எதில் கால் மாட்டினாலும் நிர்வாகம் "சட்டவிரோத ஸ்ட்ரைக், ஆள் எடுக்கத் தடையில்லை" என்று எழுதும். உங்கள் நோட்டீஸ் தேதி, சமரசக் கூட்டத் தேதி, இறங்கிய தேதி மூன்றையும் இன்றைக்கே உங்கள் வக்கீலிடம் கொடுங்கள்.

ஒருவேளை சட்டவிரோதம் என்றே வைத்துக்கொண்டாலும் அதற்குத் தண்டனை அந்தச் சட்டத்திலேயே தனியாக இருக்கிறது. அதைத் தீர்மானிக்கும் இடம் ஸ்டேஷன் அல்ல. சாலையோரம் அமைதியாக உட்காரும் உரிமையும் அதனால் செத்துப்போவதில்லை.

ஓய்வு_இன்ஸ்பெக்டர் | #12
"அரசாங்கச் செலவில்" என்று வக்கீல் சார் எழுதியதைப் பிடித்துக்கொள்கிறேன். 1861-ன் போலீஸ் சட்டம் 13-வது பிரிவிலேயே, தனியார் கேட்டால் கூடுதல் போலீஸை அவர் செலவில் அனுப்பலாம் என்று வைத்திருக்கிறார்கள். மாநிலத்துக்கு மாநிலம் விதி வேறு. செலவைக் கம்பெனி கட்டுவதை நான் விரும்பியதே இல்லை. காசு கொடுத்தவருக்குக் காவலர் தன் ஆள் என்ற நினைப்பு வந்துவிடும். ஒரு ஸ்டேஷன் பலத்தில் பாதி கேட்டில் நின்றால் அந்த வட்டாரத்தில் திருட்டுக்கும் விபத்துக்கும் ஆள் இல்லை என்பதும் உண்மை. அதனால்தான் காலவரம்பு வேண்டும் என்கிறேன். இரண்டு வாரம், பிறகு கோர்ட்டே நிலைமையைக் கேட்டுப் பார்க்கட்டும். முடிவுத் தேதி இல்லாத உத்தரவு இருக்கும்வரை நிர்வாகத்துக்குப் பேச்சுவார்த்தைக்கு வரும் அவசரமே இருக்காது.

தையல்_யூனிட் | #13
அதே. சுங்குவார்சத்திரத்தில் 2024-ல் சாம்சங் தொழிலாளர்கள் செப்டம்பர் 9 முதல் அக்டோபர் 15 வரை நின்றார்கள். நிர்வாகம் காஞ்சிபுரம் மாவட்ட கோர்ட்டுக்குப் போனது, போலீஸ் பந்தலை எடுத்தது, கைது நடந்தது. எதுவும் அவர்களை நகர்த்தவில்லை. அமைச்சர்கள் உட்கார்ந்து பேசிய பிறகுதான் வேலைக்குத் திரும்பினார்கள். சங்கப் பதிவு 2025 ஜனவரியில் கிடைத்தது. கேட்டில் எத்தனை போலீஸ் நின்றாலும் ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடுவது போலீஸ் இல்லையே.

மனிதவளம்_ஓசூர் | #14
அதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் பேச்சு நடக்கிற நாட்களில் உள்ளே இருக்கிறவர்களின் உயிருக்கு யார் பொறுப்பு என்ற கேள்வி நிற்கிறது. காலவரம்போடு, எல்லையோடு, இரு தரப்பையும் கட்டும் உத்தரவு என்றால் நானே எங்கள் நிர்வாகத்துக்குப் பரிந்துரைப்பேன். புது ஆள் விஷயத்தில் வக்கீலோடு உடன்படவில்லை. வாடிக்கையாளரை இழந்தால் ஸ்ட்ரைக் முடிந்து திரும்புபவர்களுக்கும் வேலை இருக்காது.

கேட்டடி | #15
எல்லோருக்கும் நன்றி. நோட்டீஸ் தேதிகளைச் சரிபார்த்தோம், 14 நாள் கழித்துத்தான் இறங்கியிருக்கிறோம். சமரசக் கூட்டத்துக்குத் தேதி போட்டிருந்தார்கள், நிர்வாகம் வராததால் முதல் கூட்டமே நடக்கவில்லை. நாளை மறுநாள் விசாரணை. எதிர்வாக்குமூலத்தில் என்னென்ன கேட்கலாம், சுருக்கமாகச் சொல்ல முடியுமா? ஒப்பந்தத் தோழர்களின் சம்பளத்தையும் பணிப் பாதுகாப்பையும் கோரிக்கையில் சேர்க்கச் சொல்லி இன்று மாலை செயற்குழுவில் பேசப்போகிறேன்.

லேபர்_வக்கீல் | #16
நிர்வாகம் வராததைச் சமரச அதிகாரி பதிவேட்டில் குறித்திருப்பார், சான்று நகல் கேட்டு வாங்குங்கள். மனு நிராகரிக்கப்பட வேண்டும் என்று மட்டும் கேட்டு நிற்காதீர்கள். நீதிபதி எப்படியும் ஒரு உத்தரவு போடுவார் என்று வைத்துக்கொண்டு, அது எப்படி இருக்க வேண்டும் என்று நீங்களே எழுதிக் கொடுங்கள். வழிமறிக்க மாட்டோம் என்று சங்கத்தின் உறுதிமொழி. வரைபடப்படி பந்தல் இருக்கும் இடத்தில் அமைதியாகத் தொடர அனுமதி. பாய்லருக்கும் கழிவுநீர் நிலையத்துக்கும் போகிறவர்களின் பெயர்ப் பட்டியலை நிர்வாகம் தர வேண்டும். வேலைநிறுத்தம் தொடங்கிய பிறகு எடுத்த ஆட்களுக்கு இந்தப் பாதுகாப்பு பொருந்தாது. கம்பெனி ஆட்கள் போராடுபவர்களைப் படமெடுக்கக் கூடாது. இரண்டு வாரக் காலவரம்பு. அதற்குள் நிர்வாகத்தில் முடிவெடுக்கும் அதிகாரமுள்ள ஒருவர் சமரச அதிகாரி முன் வர வேண்டும். கடைசி இரண்டையும் கோர்ட் பாதுகாப்பு மனுவில் சேர்க்குமா என்பது அமர்வைப் பொறுத்தது, ஆனால் கேட்காமல் கிடைக்காது.

சிவில் கோர்ட்டிலும் நிர்வாகம் தடையுத்தரவுக்குப் போகலாம். சிவில் நடைமுறைச் சட்டம் 148ஏ-வின் கீழ் இன்றே அங்கே கேவியட் போட்டுவிடுங்கள். 90 நாள் நிற்கும், உங்களைக் கேட்காமல் இடைக்கால உத்தரவு போட முடியாது. செலவும் அதிகமில்லை.

ஷிப்ட்_சி | #17
வக்கீல் சார், ஒரு கேள்வி. உத்தரவில் பஸ் ஸ்டாப்பையும் நாங்கள் தங்கும் ரூம் பகுதியையும் சேர்க்கச் சொல்லி ஒப்பந்தத் தொழிலாளியே கேட்க முடியுமா? இல்லை, கம்பெனிதான் கேட்கணுமா?

லேபர்_வக்கீல் | #18
நீங்களே கேட்கலாம் தம்பி. அந்த வழக்கில் உங்களையும் ஒரு தரப்பாகச் சேர்க்கச் சொல்லி மனுப் போட வேண்டும். கம்பெனி வக்கீலை உங்களுக்காக ஆஜராக விடாதீர்கள், தனி வக்கீல் வையுங்கள். வசதி இல்லை என்றால் ஐகோர்ட் சட்டப் பணிகள் குழுவில் விண்ணப்பியுங்கள், தொழிற்சாலைத் தொழிலாளி என்பதால் வருமான வரம்பு பார்க்காமல் இலவசமாகத் தருவார்கள். பஸ் ஸ்டாப்பில் நடந்ததற்குப் புகார் ரசீது வாங்கினீர்களா? இல்லை என்றால் இப்போதாவது பதிவுத் தபாலில் எஸ்.பி.க்கு அனுப்புங்கள், தாமதத்துக்கான காரணத்தையும் எழுதி.